தோட்டத்து மோட்டாருக்குப் போன் போட்ட முதல் நாள்: உங்கள் ஊர்ப் பழமைகளையும் சொல்லுங்கள்

நொய்யல்கரை எழுதியது:

காங்கேயம் பக்கம் எங்கள் ஊரில் இப்போது தோட்டத்துக்குத் தோட்டம் மொபைல் ஸ்டார்ட்டர் வந்துவிட்டது. மோட்டார் ரூமில் பழைய ஸ்டார்ட்டருக்குப் பக்கத்தில் ஒரு சின்னப் பெட்டி, அதற்குள் ஒரு சிம். வீட்டிலிருந்து அந்த நம்பருக்குப் போன் போட்டால் ஒரு பெண் குரல் எடுத்து, கரண்ட் இருக்கிறதா இல்லையா என்று சொல்லும். ஒன்றை அழுத்தினால் மோட்டார் ஓடும். மும்முனைக் கரண்ட் நடுச்சாமத்தில் வரும்போதெல்லாம் டார்ச்சைப் பிடித்துக்கொண்டு பாம்புக்குப் பயந்து வரப்பில் நடந்தவர்களுக்குத்தான் இதன் அருமை தெரியும்.

பக்கத்துத் தோட்டத்துப் பெரியவருக்கு எழுபது தாண்டிவிட்டது. மகன் வந்து பெட்டியை மாட்டிக் கொடுத்துவிட்டு அன்றைக்கே கோயமுத்தூர் போய்விட்டார். ராத்திரி கரண்ட் வந்ததும் பெரியவர் போன் போட்டிருக்கிறார். "மும்முனை மின்சாரம் உள்ளது. மோட்டாரை இயக்க எண் ஒன்றை அழுத்தவும்" என்று குரல் சொல்லியிருக்கிறது.

"அழுத்தறனுங் அம்மிணி. அதுக்கு முன்னால சித்தெ எட்டிப் பாத்துச் சொல்லுங்க, கேட் வால்வு வாழைப் பக்கம் தொறந்திருக்குதா, தென்னைப் பக்கம் தொறந்திருக்குதா?"

குரல் மறுபடியும் ஒன்றை அழுத்தச் சொல்ல, இவர் மறுபடியும் கேட்க, பேச்சு நீண்டிருக்கிறது. அதற்குள் வீட்டுக்கார அம்மா எழுந்துவிட்டார்.

"ஆருங்க அது, இந்நேரத்துல?"

"மோட்டாரு."

"மோட்டாரு பொம்பளப் புள்ளையாட்டப் பேசுமா? இங்க குடுங்க." போனை வாங்கி, "ஆரு சாமி நீ? எந்த ஊரு?" என்று அவர் கேட்ட நேரத்தில் விரல் எதிலோ பட்டுவிட்டது. "நீங்கள் தவறான எண்ணை அழுத்தியுள்ளீர்கள்" என்றது குரல். "தப்பான நம்பருன்னு இப்பத்தான் சொல்றா பாருங்க, நான் வாங்கினதுக்கு அப்புறம்!"

மறுநாள் காலையில் நான்தான் போய் மோட்டார் ரூமில் பெட்டியைத் திறந்து காட்டினேன். அந்த அம்மா உள்ளே இருந்த சிம்மைப் பார்த்துவிட்டுச் சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது. ஆனால் பெரியவர் கேட்டது ரொம்பச் சரியான கேள்வி. மோட்டார் ஓடுகிறதா என்று அந்தப் பெட்டிக்குத் தெரியும். தண்ணீர் எந்தப் பக்கம் பாய்கிறது என்று தெரியாது. விவசாயிக்கு வேண்டியது இரண்டாவதுதான்.

இந்த மாதிரி, முதன்முதலாக ஒரு மெஷினைப் பார்த்தவர்கள் பேசியது, செய்தது எல்லாவற்றையும் இங்கே எழுதுங்கள்.

பல்லடத்தார் எழுதியது:

எங்கள் அப்புச்சி (அம்மாவின் அப்பா) அந்தப் பெட்டியின் சிம்முக்கு ரீசார்ஜ் செய்யக் கடைக்குப் போனார். கடைப் பையன் "ஆரு நம்பருங்க தாத்தா?" என்று கேட்டிருக்கிறான். "நம்ம கெழக்காலத் தோட்டத்து மோட்டாரு நம்பரு கண்ணு." பையன் ஊருக்குப் புதுசு. "மோட்டாரு ஆருகிட்டங்க பேசும்?" என்று கேட்டுவிட்டான். அப்புச்சி கொஞ்சமும் யோசிக்காமல், "எங்கூடத்தான். எம் பையனாவது வாரத்துக்கு ஒருக்காத்தான் பேசறான்" என்றாராம். அன்று சாயங்காலமே மாமா ஊருக்கு வந்து சேர்ந்தார்.

அந்தியூர் வாத்தியார் எழுதியது:

நல்ல இழை. கொஞ்சம் பின்னால் போகிறேன்.

நீலகிரியில் பைகாரா மின் நிலையம் ஓடத் தொடங்கியது 1932-ல். அந்தக் கரண்ட் கீழே கோயமுத்தூருக்கு இறங்கி மில்களுக்குப் போனது, அப்புறம் தோட்டங்களுக்கும் வந்தது. அதற்கு முன்னால் கிணற்றில் கவலைதான், அதாவது மாடு பூட்டித் தண்ணீர் இறைப்பது. இரண்டு மாடு, தண்ணீர் அள்ளுகிற ஒரு சால், ஓட்டுகிறவர் பாட்டு. எங்கள் அப்பாரு (அப்பாவின் அப்பா) சொல்லுவார்: தோட்டத்தில் மோட்டார் வைத்த அன்று, தண்ணீர் குழாயில் கொட்டுவதை எல்லோரும் வேடிக்கை பார்த்துக்கொண்டிருக்க, மாடுகள் இரண்டும் நேரமானதும் வழக்கப்படி கவலைத் தடத்துக்கு வந்து நின்றுகொண்டனவாம். அவற்றை அனுப்பிவைக்க மனசு வராமல் கொஞ்ச நாள் மோட்டாரும் ஓடியது, கவலையும் ஓடியது. வந்தவர்கள் "எதுக்குங்க ரெண்டும்?" என்று கேட்டால், "மோட்டாரு பழகற வரைக்கும் மாடு கூட இருக்கட்டும்" என்பாராம் அப்பாரு.

மெஷினைப் பார்த்து மிரண்ட கதைகள் எல்லா ஊரிலும் உண்டு. நம் பக்கத்தில் அதற்கு அடுத்த கட்டமும், மெஷினைப் பிரித்துப் பார்த்துத் தாமே செய்வதும், சீக்கிரமே நடந்துவிடுகிறது. ஜி.டி. நாயுடு கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். சூலூர் பக்கம் கலங்கல் கிராமத்தில் 1893-ல் பிறந்தவர். வெள்ளைக்கார அதிகாரி ஒருவர் ஓட்டி வந்த ரட்ஜ் மோட்டார் சைக்கிளை இள வயதில் பார்த்தார். மாடும் இல்லாமல் குதிரையும் இல்லாமல் வண்டி ஓடுவதைப் பார்த்த பையன், கோயமுத்தூரில் ஓட்டலில் சர்வராக வேலை பார்த்துக் காசு சேர்த்து, அந்த வண்டியையே விலைக்கு வாங்கிப் பிரித்துப் போட்டுத் திரும்பப் பூட்டினார். 1920-ல் பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே பஸ் விட்டார். 1937-ல் டி. பாலசுந்தரம் நாயுடுவோடு சேர்ந்து மின் மோட்டாரையே உள்ளூரில் செய்துவிட்டார். இன்று கோயமுத்தூர் பம்ப்செட் போகாத ஊர் கிடையாது.

பல்லடத்தார் எழுதியது:

வாத்தியாரே, கோயமுத்தூர் வெரைட்டி ஹால் சினிமாக் கொட்டகை கட்டியது எந்த வருசம்? எங்கள் பெரியவர்கள் படம் பார்க்கப் போனதை அங்கிருந்துதான் ஆரம்பிப்பார்கள்.

அந்தியூர் வாத்தியார் எழுதியது:

1914. கட்டியவர் சாமிக்கண்ணு வின்சென்ட். திருச்சியில் ரயில்வே வேலையில் இருந்தவர், 1905-ல் டூபான்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியையும் படங்களையும் வாங்கிக்கொண்டு, வேலையை விட்டுவிட்டு ஊர் ஊராகக் கூடாரம் போட்டுக் காட்டியவர். தென்னிந்தியாவில் படத்துக்கென்றே கட்டிய முதல் கொட்டகைகளில் ஒன்று அது. அந்த ரோட்டுக்கு இன்றும் அதே பேர்.

அவிநாசி அக்கா எழுதியது:

எல்லாம் சரி. ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். இந்த மாதிரிக் கதைகளில் பெரும்பாலும் வயசானவர்களையும் பெண்களையும் வைத்துத்தான் சிரிப்பார்கள். போனில் கத்திப் பேசுவதை எத்தனை பேர் நக்கல் அடித்திருக்கிறார்கள்! "தூரத்துல இருக்கறவங்களுக்குக் கேக்கோணும்னு கத்தறாங்க" என்று.

எங்கள் அம்மா போனில் பேசப் பழகியது டிரங்க் காலில். போஸ்ட் ஆபீஸில் பதிவு செய்துவிட்டுத் திண்ணையில் காத்திருக்க வேண்டும். லைன் கிடைத்தால் கடல் இரைகிற மாதிரி ஒரு இரைச்சல், அதற்குள் ஒரு குரல். அதில் கத்தினால்தான் கேட்கும். அப்புறம் எஸ்.டி.டி. பூத்தில் சிவப்பு எண்கள் ஓட ஓட வேகமாகப் பேசக் கற்றுக்கொண்டார். செல்போன் வந்த புதிதில் வருகிற காலுக்கும் காசு பிடித்தார்கள், அது நின்றது 2003-ல்தான். அதனால் மிஸ்டு கால் பாஷையும் கற்றுக்கொண்டார்: ஒரு ரிங் என்றால் பஸ் ஏறியாகிவிட்டது, இரண்டு என்றால் வந்து சேர்ந்தாகிவிட்டது. அந்தந்தக் காலத்து மெஷின் கேட்டதை அம்மா சரியாகவே செய்திருக்கிறார். அடுத்த மெஷின் வேறு மாதிரி கேட்கும் என்று யாரும் அவருக்குச் சொல்லவில்லை.

கிரைண்டர் கதையும் இருக்கிறது. வெட் கிரைண்டர் கோயமுத்தூர்க்காரர் கண்டுபிடித்தது. பி. சபாபதி என்பவர் 1955-ல் செய்தார். கோயமுத்தூர் வெட் கிரைண்டர் என்று புவிசார் குறியீடும் வாங்கியாகிவிட்டது. எங்கள் வீட்டுக்கு முதலில் வந்தபோது ஆத்தா (பாட்டி) அதன் முன்னால் பலகை போட்டு உட்கார்ந்துகொண்டு, மாவு ஆட்டி முடியும் வரைக்கும் எழவே இல்லை. "நீங்க ஏனுங் ஆத்தா உக்காந்திருக்கறீங்க, அது தானா ஆட்டும்" என்றால், "அது பாட்டுக்குச் சுத்துது, மாவு ஓரத்துல நிக்கறதை ஆரு தள்ளி விடறது?" என்பார். ஆட்டுக்கல்லில் கல் நிற்கும், நாம் குழவியைச் சுற்றுவோம். கிரைண்டரில் குழவி நிற்க, கல் சுற்றும். அதைப் பார்த்த உடனே கண்டுபிடித்தது எங்கள் வீட்டில் அவர் ஒருத்திதான். "தலைகீழாச் செஞ்சுபோட்டானுங்க. ஆனா மாவு நல்லாத்தான் இருக்குது" என்றார். பி.எஸ்ஸி. படித்த என் அண்ணனுக்கு அது தோன்றவில்லை.

நொய்யல்கரை எழுதியது:

அக்கா சொல்வதுதான் நான் சொல்ல நினைத்ததும். சிரிப்பு வருகிறது, ஆனால் கேட்டவர் மேல் மரியாதைதான் கூடுகிறது. தொடருங்கள்.

மொடக்குறிச்சி மருமகள் எழுதியது:

எங்கள் தொகுதிக்கு ஒரு பெருமை இருக்கிறது. 1996 சட்டமன்றத் தேர்தலில் மொடக்குறிச்சியில் நின்றவர்கள் 1,033 பேர். விவசாயிகள் தங்கள் குறையைச் சொல்லக் கூட்டம் கூட்டமாக மனுத் தாக்கல் செய்தார்கள். தேர்தலையே தள்ளி வைக்க வேண்டியதாகிவிட்டது. வாக்குச்சீட்டு ஒரு புத்தகமாகவே வந்தது. எங்கள் மாமியார் சாவடிக்குள் போய்ப் பக்கம் பக்கமாகப் புரட்டியதை இன்றும் சொல்லுவார். உள்ளே இருந்த அலுவலர், "அம்மா, சீக்கிரமுங்க, வெளிய வரிசை நிக்குது" என்றதற்கு, "இத்தனை பேரு நிக்கறாங்களே சாமி, எல்லாத்தையும் ஒருக்காப் பாக்க வேண்டாமா?" என்று கேட்டாராம். தெரிந்தவர்கள் பேரெல்லாம் இருக்கிறதா என்று தேடிப் பார்த்துவிட்டுத்தான் முத்திரை குத்தினாராம்.

அப்படிப் பழகியவருக்கு 2001-ல் மெஷின் வந்தது. தமிழ்நாடு முழுக்க அந்தத் தேர்தலில்தான் மெஷினில் ஓட்டு. பொத்தானை அழுத்தினார், பீப் என்று நீளமாகச் சத்தம் வந்தது. அழுத்தியவர் அப்படியே மறைப்புக்குள்ளிருந்து தலையை நீட்டி, அலுவலரைப் பக்கத்தில் வரும்படி சைகை காட்டி, மெல்லக் கேட்டிருக்கிறார்: "ஏனுங் சார், சத்தம் போடுதே. எதுக்குப் போட்டேன்னு வெளிய இருக்கறவங்களுக்குத் தெரிஞ்சு போகுங்களா?"

"எதுக்குப் போட்டாலும் ஒரே சத்தந்தானுங்க அம்மா."

"அப்ப நான் அழுத்துனதுக்குத்தான் உழுந்துச்சுன்னு எனக்கு எப்பிடித் தெரியும்?"

அலுவலரிடம் பதில் இல்லை. வீட்டுக்கு வந்து எங்களிடமும் அதையே கேட்டார், எங்களிடமும் இல்லை. பொத்தானை அழுத்தியதும் கண்ணாடிக்குள் சீட்டு வந்து ஏழு வினாடி காட்டுகிற கருவி, 2019 மக்களவைத் தேர்தலில் எல்லாச் சாவடிக்கும் வந்தது. அன்று ஓட்டுப் போட்டுவிட்டு வெளியே வந்தவர் நேராக என்னிடம் வந்து, "நான் கேட்டனல்ல, இப்பத்தான் பதில் சொல்லியிருக்கறாங்க" என்றார். ரகசியமும் வேண்டும், சரிபார்க்கவும் வேண்டும் என்ற இரண்டையும் படிக்காத ஒரு அம்மா ஒரே நிமிடத்தில் கேட்டிருக்கிறார். எனக்கு அதில் பெருமைதான்.

கோபிக்காரன் எழுதியது:

ஆயிரத்து முப்பத்து மூன்று பேருக்கு மெஷின் வைத்தால் என்ன ஆகியிருக்கும்?

மொடக்குறிச்சி மருமகள் எழுதியது:

வைக்கவே முடியாது. ஒரு பலகையில் 16 பேர், அந்தக் காலத்து மெஷினில் நாலு பலகை சேர்த்து மொத்தம் 64 பேர்தான். புத்தகமே கதி.

திருப்பூர் டெய்லர் எழுதியது:

எங்கள் பனியன் கம்பெனியில் விரல் வைத்து வருகை பதியும் மெஷின் புதிதாக மாட்டிய வருசம். ஆயுத பூஜை வந்தது. பவர் டேபிள், ஓவர்லாக், பிளாட்லாக், கட்டிங் மெஷின், அயர்ன் பாக்ஸ் என்று எல்லாவற்றையும் துடைத்துச் சந்தனம் குங்குமம் வைத்தோம். செக்கிங்கில் வேலை பார்க்கும் ஒரு அம்மா ரொம்ப பக்தி. வாசலில் மாட்டியிருந்த விரல் மெஷினைப் பார்த்தார். "தெனமும் மொதல்ல இதைத்தான் தொட்டுட்டு உள்ள வர்றோம், இதுக்கு வெக்காம உட்டுட்டீங்களே" என்று, விரல் வைக்கிற அந்தக் கண்ணாடி மேலேயே நடுவில் வட்டமாகச் சந்தனத்தை அப்பி, அதன் மேல் குங்குமமும் வைத்துவிட்டார். பார்க்க அழகாகத்தான் இருந்தது.

லீவு முடிந்து வந்தால் சந்தனம் காய்ந்து ஒட்டிக்கொண்டிருக்கிறது. யார் விரல் வைத்தாலும் எடுக்கவில்லை. வாசலில் பெரிய கூட்டம். ஒருத்தர் விரலைப் பேண்ட்டில் தேய்க்கிறார், ஒருத்தர் ஊதுகிறார். சந்தனத்தைச் சுரண்டலாம் என்றால் யாருக்கும் மனசு வரவில்லை, சாமிக்கு வைத்ததாயிற்றே! கடைசியில் மேனேஜர் வந்து, அந்த அம்மாவையே கூப்பிட்டு, "நீங்களே எடுத்துடுங்கம்மா" என்றார். அவர் ஈரத் துணியால் துடைத்து, எடுத்த சந்தனத்தைத் தன் நெற்றியில் வைத்துக்கொண்டு, முதல் ஆளாக விரலை வைத்தார். பதிந்தது. எல்லோரும் கை தட்டினோம். அன்றைக்கு எல்லாருக்கும் முழு ஷிப்டுதான் போட்டார்கள், யாருக்கும் பிடித்தம் இல்லை. மறு வருசத்திலிருந்து பொட்டு மெஷினின் பக்கவாட்டில் வைக்கிறோம்.

சின்னப் பையன்கள் சிலர் இதையெல்லாம் மூடநம்பிக்கை என்கிறார்கள். சோறு போடுகிறதைக் கும்பிடுவது எனக்கு அப்படித் தெரியவில்லை. சாயங்காலம் லைட் போட்டதும் சுவிட்சைப் பார்த்துக் கும்பிடுகிற வீடு இன்றும் எத்தனை இருக்கிறது!

பீளமேடு மில்காரர் மகள் எழுதியது:

விரல் என்றதும் எங்கள் அப்பா கதை. அவர் ஸ்பின்னிங்கில் சைடராக, அதாவது ரிங் பிரேம் என்ற நூல் நூற்கும் மெஷினைப் பார்த்துக்கொள்கிறவராக, இருந்து ரிட்டயர் ஆனவர். ரிங் பிரேமில் நூல் அறும்போதெல்லாம் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்து ஒட்டி ஒட்டி, இரண்டு விரலிலும் ரேகை தேய்ந்துவிட்டது. பென்ஷனுக்கு வருசா வருசம் உயிரோடு இருப்பதாகச் சான்று கொடுக்க வேண்டும். இணையத்தில் அதைக் கொடுக்கும் முறை 2014-ல் வந்தது, விரல் வைக்க வேண்டும். அப்பா வைத்தால் மெஷின் ஏற்றுக்கொள்ளாது.

"ரேகை விழலைங்க அய்யா."

"விழாட்டிப் போகுது கண்ணு. நாந்தான் முழுசா உன்ற முன்னால உக்காந்திருக்கறனே, அதை எழுதிக்கோ."

அந்தப் பிள்ளையால் அதை எழுத முடியாது, கம்ப்யூட்டர் விடாது. அப்பாவுக்குக் கோபம் வரவில்லை, வருத்தம்தான் வந்தது. "மில்லுக்குக் குடுத்த வெரலு. அதைக் காட்டித்தான் பென்சன் வாங்கோணுமாம், அதுதான் இப்ப இல்ல" என்று வீட்டில் வந்து சொன்னார். எனக்கு அன்று சிரிப்பு வரவில்லை.

2021 கடைசியில் முகத்தைக் காட்டினாலே போதும் என்று வந்தது. இ-சேவை மையத்தில் இருந்த பெண் போனை அப்பா முகத்துக்கு நேராகப் பிடித்து, "இப்பக் கண்ணைச் சிமிட்டுங்க அய்யா" என்றாள். படத்தைக் காட்டி ஏமாற்றாமல் இருக்க அப்படிக் கேட்கிறது. அப்பா அவளைப் பார்த்தார், அப்புறம் பக்கத்தில் நின்ற அம்மாவைப் பார்த்தார்.

"பேத்தி வயசுப் புள்ளையப் பாத்துக் கண்ணடிக்கச் சொல்றாங்க."

"அடிச்சுப்போடுங்க, பென்சன் வரோணும்" என்றார் அம்மா.

சிமிட்டினார். பச்சை விழுந்தது. அந்தப் பெண் சிரிப்பை அடக்க முடியாமல் போனைக் கீழே வைத்துவிட்டாள், அம்மாவும் சிரித்தார். வீட்டில் யாருக்காவது ரேகை விழவில்லை என்றால் அலைய விடாதீர்கள், முகத்தைக் காட்டிச் சான்று எடுக்கலாம். வீட்டில் இருக்கும் ஸ்மார்ட்போனிலேயே செய்யலாம்.

கோபிக்காரன் எழுதியது:

இது தெரியாமல் எங்கள் சித்தப்பாவை இரண்டு ஊருக்கு அலைய வைத்துவிட்டார்கள். தகவலுக்கு நன்றி.

அவிநாசி அக்கா எழுதியது:

எனக்கும் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது, சிரித்தும் விட்டேன்.

தாராபுரத்தாள் எழுதியது:

அம்மாக்களும் வாட்சாப்பும் பற்றி யாராவது எழுத மாட்டார்களா என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். எங்கள் வீட்டில் டி.வி. ரிமோட் அப்பா கையில், முதல் செல்போன் அண்ணன் கையில். அம்மா கைக்குப் போன் வந்தது ரொம்பத் தாமதமாகத்தான். வந்ததும் வாட்சாப்பில் குரல் அனுப்பக் கற்றுக் கொடுத்தேன், எழுத்துக் கூட்டித் தட்டுவது அவருக்குச் சிரமம்.

முதல் குரல் செய்தி இப்படி வந்தது: "கண்ணு, அம்மா பேசறேன்." கொஞ்ச நேரம் அமைதி. "சாப்பிட்டியா?" மறுபடியும் அமைதி, நான் பதில் சொல்லும் அளவுக்கு. "சரி. குழந்தைக்குச் சளி போச்சா?" அமைதி. "அப்பச் சரி. வெச்சிடறேன்." என் பதில்களுக்கு இடம் விட்டு விட்டுப் பேசியிருக்கிறார். நான் அதைக் கேட்டபோது, அந்த இடைவெளிகளில் என்னை அறியாமல் "சாப்பிட்டேன்மா", "போயிருச்சுமா" என்று பதிலும் சொன்னேன். அந்தச் செய்தியை அழிக்கவே இல்லை.

சொல்லிக் கொடுக்கிறவர்களுக்கு ஒரு வார்த்தை: போனை அவர்கள் கையிலேயே விட்டுவிட்டுச் சொல்லுங்கள். "குடுங்க, நான் செய்யறேன்" என்று பிடுங்கினால் கடைசி வரைக்கும் வராது.

இப்போது அம்மா பயங்கரத் தேர்ச்சி. எங்கள் குடும்பக் குழுவுக்கு அவர்தான் அட்மின். போன தை மாதம் பெரியப்பா காலையில் எழுந்ததும் பூப்படமும் சாமிப் படமுமாக அனுப்பிப் போனை நிறைத்துவிட்டார். அம்மா இரண்டு தடவை சொல்லிப் பார்த்தார். மூன்றாவது நாள் அவரைக் குழுவிலிருந்து எடுத்துவிட்டார்.

அவ்வளவுதான், சொந்தமே கொதித்துப் போனது. அம்மா உடனே திரும்பச் சேர்த்துக்கொள்ள லிங்க் அனுப்பினார். பெரியப்பா அதைத் தொடவில்லை. "ஊட்டை உட்டு வெளிய அனுப்பிப்போட்டு, லிங்க்கு அனுப்பறாங்களா? மொறையா வந்து கூப்பிட்டாத்தான் வருவேன்" என்று சொல்லி அனுப்பினார். பங்காளிகள் கூடிப் பேசினார்கள். கடைசியில் அப்பாவும் அம்மாவும் வெற்றிலை பாக்கு, பழம், பூ எல்லாம் தட்டத்தில் வைத்துக்கொண்டு காங்கேயம் போய்ப் பெரியப்பா வீட்டு ஆசாரத்தில் (முன் கூடத்தில்) உட்கார்ந்து, "குரூப்புக்கு வந்துருங்க மாமா" என்று அம்மா கேட்டார். பெரியப்பா தட்டத்தை வாங்கிக்கொண்டார். பெரியம்மா காப்பி கொடுத்தார். அங்கேயே, எல்லோரும் பார்க்க, அம்மா அவரைச் சேர்த்தார்.

மறுநாள் காலையில் பூப்படம் வந்தது. ஒன்றே ஒன்று.